ரசிகர் வட்டத்தின் உள்நகைச்சுவைகளுக்குக் குறிப்பேடு தயாரிப்பது எப்படி

ஒரு தொடரையோ விளையாட்டையோ திரைப்பட வரிசையையோ பல ஆண்டுகளாகச் சேர்ந்து ரசித்து வரும் கூட்டத்துக்குள், வெளியாருக்குப் பிடிபடாத ஒரு பேச்சு தானாகவே உருவாகிவிடுகிறது. ஓர் எண்ணைச் சொன்னால் எல்லோரும் சிரிக்கிறார்கள். ஓர் அலறல் ஒலி கேட்டால் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்கிறார்கள். புதிதாகச் சேர்ந்தவர் அந்தச் சிரிப்பின் ஓரத்தில் நின்று விழிக்கிறார், கேட்கவும் கூச்சப்படுகிறார். சில ஆண்டுகள் கழிந்தபின் நிலைமை இன்னும் மோசமாகிறது: நகைச்சுவையைத் தொடங்கியவர்கள் விலகிப்போக, மீதமிருப்பவர்கள் ஏன் சிரிக்கிறோம் என்று தெரியாமலே பழக்கத்தால் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள். இப்படிப்பட்ட உள்நகைச்சுவைகளைத் திரட்டி, சரிபார்த்து, புதியவருக்கும் பயன்படும்படி ஒரு குறிப்பேட்டில் எழுதி வைப்பதற்கான வழிமுறையே இங்கே சொல்லப்படுகிறது.

இத்தகைய குறிப்பேடுகளில் பெரும்பாலானவை மூலக் காட்சி எது என்பதை மட்டும் சொல்லிவிட்டு நின்றுவிடுகின்றன. அது போதாது. மூலக் காட்சியைப் பார்த்துவிட்டு வந்த பிறகும் புதியவருக்குச் சிரிப்பு வராததற்குக் காரணம், நகைச்சுவை அந்தக் காட்சியில் இல்லாமல் ரசிகர்கள் அதை எடுத்துப் பயன்படுத்தும் இடத்திலும் விதத்திலும் இருப்பதுதான். ஆகவே, ஒரு பதிவு எழுதும்போது மூலம் எது, ரசிகர்கள் அதை எப்படித் திருப்பிக்கொண்டார்கள், இன்று எந்தச் சந்தர்ப்பத்தில் எந்தத் தொனியில் சொல்கிறார்கள் ஆகிய மூன்றும் இருக்க வேண்டும். இவற்றில் மூன்றாவதுதான் உயிர்நாடி.

முதலில் பிறப்பிடத்தைக் கண்டுகொள்ளுங்கள்

நகைச்சுவை எங்கே பிறந்தது என்பதைப் பொறுத்து அதைத் தேடும் முறை மாறும் என்பதால், திரட்டத் தொடங்கும்போதே ஒவ்வொன்றும் எவ்வகையைச் சேர்ந்தது என்று குறித்துக்கொள்வது நல்லது.

சில நகைச்சுவைகளைப் படைப்பாளிகளே வேண்டுமென்று ஒளித்து வைத்திருப்பார்கள். 1951இல் வெளிவந்த ‘டிஸ்டன்ட் டிரம்ஸ்’ என்ற அமெரிக்கப் படத்துக்காக, முதலையிடம் சிக்கும் ஒரு மனிதனின் அலறல் பதிவு செய்யப்பட்டது. அந்த ஒலி ஸ்டூடியோவின் சேமிப்பில் தங்கி, வேறு படங்களிலும் எடுத்தாளப்பட்டது. 1953இல் வந்த ஒரு படத்தில் அம்பு பட்டு அலறும் வில்ஹெல்ம் என்ற வீரனுக்கும் அதே அலறலைத்தான் சேர்த்தார்கள். ஒலி வடிவமைப்பாளர் பென் பர்ட் அதைத் தேடிப் பிடித்து, அந்த வீரனின் பெயரையே அதற்குச் சூட்டி, 1977இல் வெளியான முதல் ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில், சுடப்பட்டு மேலிருந்து விழும் ஒரு படைவீரனுக்குப் பயன்படுத்தினார். அதன்பின் ஒலித்துறையினர் தங்களுக்குள் ஒரு செல்லக் குறும்பாகவே இதை நூற்றுக்கணக்கான படங்களில் செருகி வந்திருக்கிறார்கள். கலிபோர்னியாவிலுள்ள கால்ஆர்ட்ஸ் கலை நிறுவனத்தில் அனிமேஷன் மாணவர்கள் பயின்ற வகுப்பறையின் எண்ணான ஏ113 பிற்காலத்தில் அவர்கள் உருவாக்கிய படங்களில் தலைகாட்டுவதும் இவ்வகைதான். 1995இல் வந்த ‘டாய் ஸ்டோரி’யில் சிறுவனுடைய தாயாரின் வண்டி எண்பலகையில் அதைக் காணலாம். இவ்வகை நகைச்சுவைக்கு ஆதாரம் தேடுவது எளிது. படைப்பாளிகள் பின்னாளில் பேட்டிகளில் தாங்களே மகிழ்ச்சியோடு ஒப்புக்கொண்டிருப்பார்கள். ஒளித்து வைத்ததற்கான காரணத்தையும் சேர்த்து எழுத மறக்காதீர்கள். 1980இல் வெளியான அட்டாரி நிறுவனத்தின் ‘அட்வென்ச்சர்’ விளையாட்டில், பின்னணியின் நிறத்திலேயே இருக்கும் ஒற்றைப் புள்ளியை எடுத்துச் சென்றால் மட்டுமே நுழையக்கூடிய ஓர் அறையில் வாரன் ராபினெட் தன் பெயரை எழுதி வைத்தார். வடிவமைப்பாளர்களின் பெயரை அந்நிறுவனம் வெளியிடுவதில்லை என்ற மனக்குறைதான் அதற்குப் பின்னால் இருந்தது. அந்தக் காரணம் தெரியாவிட்டால் அந்த அறை ஒரு வேடிக்கையாக மட்டுமே எஞ்சும். தெரிந்தவருக்கோ அது உரிமைக்குரலாகவும் கேட்கும்.

இரண்டாவது வகை, படைப்பில் நேர்ந்த பிசகுகளை ரசிகர்கள் பிடித்துக்கொண்டு உருவாக்குவது. என்னைக் கேட்டால், ரசிகர்களின் அன்பும் புத்திக்கூர்மையும் ஒருசேர வெளிப்படுவது இதில்தான். ஷெர்லாக் ஹோம்ஸ் கதைகளில் ஹோம்ஸின் நண்பர் வாட்சனுக்குப் போரில் பட்ட குண்டுக்காயம், 1887இல் வந்த முதல் நாவலில் தோளில் இருக்கிறது. 1890இல் வந்த அடுத்த நாவலில் காலுக்கு இறங்கிவிடுகிறது. 1891இல் வெளியான ஒரு சிறுகதையில், ஜான் என்ற பெயருடைய அவரை மனைவியே ஜேம்ஸ் என்று அழைக்கிறார். கதாசிரியர் கானன் டாயிலுக்கு நேர்ந்த மறதி என்று கடந்து போக வேண்டியதை, வாட்சன் உண்மையில் வாழ்ந்த மனிதர் என்றும் அவர் எழுதியது வரலாறு என்றும் பாவித்துக்கொண்டு, ரசிகர்கள் முகத்தில் சிரிப்பே இல்லாமல் ஆராயத் தொடங்கினார்கள். எழுத்தாளர் ரொனால்ட் நாக்ஸ் 1911இல் வாசித்தளித்த கட்டுரை இந்தப் போக்குக்கு வித்திட்டது. வாட்சனுடைய பெயரின் நடுவில் வரும் எச் என்ற எழுத்து ஹேமிஷ் என்பதைக் குறிக்கும், அது ஜேம்ஸுக்கு ஸ்காட்லாந்தில் வழங்கும் வடிவம், ஆகவே மனைவி அழைத்தது சரியே என்று எழுத்தாளர் டோரதி சேயர்ஸ் தந்த விளக்கம் இந்த விளையாட்டின் உச்சம். இவ்வகையைப் பதிவு செய்யும்போது படைப்பின் இரண்டு இடங்களையும் அருகருகே எடுத்துக் காட்டுவது கட்டாயம், ஏனெனில் முரண்பாட்டைக் கண்ணால் கண்டால்தான் விளக்கத்தின் சாமர்த்தியம் புரியும்.

மூன்றாவது வகைக்குப் படைப்பாளியும் பொறுப்பல்ல, படைப்பில் இருக்கும் பிசகும் பொறுப்பல்ல. வேறெங்கோ நடந்த ஓர் உரையாடலில் யாரோ ஒருவர் பொருத்தமாக எடுத்துப் போட, அது பற்றிக்கொள்கிறது. நம்மிடையே நேசமணி இதற்கு ஈடற்ற சான்று. அதைப் பின்னால் விரிவாகப் பார்க்கலாம்.

மூலத்தைக் கண்ணால் பார்க்காமல் எழுதாதீர்கள்

ரசிகர்களின் நினைவு, வசனங்களைத் தனக்கு வசதியாக மாற்றிக்கொள்ளும். 1980இல் வந்த ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தில் வில்லன் கதாநாயகனிடம் தன்னைத் தந்தை என்று அறிவிக்கும் இடத்தில், உலகமே சொல்லிக்காட்டுவதுபோல் லூக் என்ற பெயர் வருவதில்லை. ‘இல்லை’ என்ற மறுப்போடுதான் அந்த வாக்கியம் தொடங்குகிறது. ‘ஸ்டார் டிரெக்’ என்ற விண்வெளித் தொடரின் ரசிகர்கள் அனைவரும் அறிந்த, விண்கலத்தின் கேப்டன் பொறியாளர் ஸ்காட்டியிடம் தன்னை மேலே ஏற்றிக்கொள்ளும்படி கேட்கும் வசனம், 1966 முதல் 1969 வரை ஒளிபரப்பான முதல் தொடரில் அதே சொற்களில் எங்குமே இல்லை. இவ்வாறு மாறிப்போன வடிவத்தைத் தவறென்று அடித்துவிடக் கூடாது. மாறிய வடிவம்தான் புழங்குகிறது என்பதால் அதையே தலைப்பாக வைத்து, படைப்பில் உள்ளபடியான சொற்களை அடுத்த வரியில் கொடுங்கள். லூக் என்ற பெயர் ஏன் ஒட்டிக்கொண்டது என்று யோசித்தால் விடை எளிதாகவே கிடைக்கும்: பெயரில்லாமல் தனியாகச் சொன்னால் எந்தப் படம் என்று கேட்பவருக்குத் தெரியாது. மாற்றத்துக்கு இப்படி ஒரு காரணம் தென்பட்டால் அதையும் ஒரு வாக்கியத்தில் சேர்த்துவிடுங்கள்.

காட்சி வரும் நேரத்தைக் குறிக்கும்போது எந்தப் பதிப்பில் என்பதையும் குறிக்க வேண்டும். திரையரங்கில் ஓடிய வடிவமும் தொலைக்காட்சிக்காக வெட்டப்பட்ட வடிவமும் ஓடிடி தளத்தில் இருக்கும் வடிவமும் ஒன்றாக இருப்பதில்லை. மொழிமாற்றப்பட்ட படைப்பாக இருந்தால், உங்கள் வட்டத்தினர் எந்த மொழியில் பார்த்து வளர்ந்தார்களோ அதுவே உங்களுக்கு மூலம். டப்பிங்கில் மட்டுமே உள்ள ஒரு வசனத்துக்கு அசலில் ஆதாரம் தேடி அலைந்து நேரத்தை வீணாக்குபவர்கள் பலர்.

பொதுவாகப் பேசப்படுவதையும் நம்பிவிட வேண்டாம். ‘ஸ்டார் டிரெக்’கில் சிவப்புச் சட்டை அணிந்து கோளில் இறங்கும் பெயரில்லாத பாதுகாவலர் உயிரோடு திரும்பமாட்டார் என்பது பழைய கிண்டல். ஆனால் அதே தொடரில் ஸ்காட்டியும் தகவல்தொடர்பு அதிகாரி உஹுராவும்கூடச் சிவப்புச் சட்டைக்காரர்கள்தாம். அவர்கள் தொடர் முடியும்வரை உயிரோடு இருக்கிறார்கள். ஆகவே கிண்டலின் இலக்கு நிறம் அல்ல, கதையில் சாவதற்கென்றே கொண்டுவரப்படும் பெயரற்ற பாத்திரம் என்பதை மூலத்தைத் திரும்பப் பார்த்தவர்தான் தெளிவாக எழுத முடியும். அந்தத் தெளிவு கிடைத்ததும், வேறொரு தொடரில் சாதாரண உடையில் வரும் ஒருவரை ரசிகர்கள் ஏன் சிவப்புச் சட்டை என்கிறார்கள் என்பதும் புதியவருக்கு விளங்கிவிடும்.

தொடங்கியவர்களை விசாரிப்பது

ரசிகர் வட்டத்தில் மட்டுமே பிறந்த நகைச்சுவைக்குப் பழைய உரையாடல்களும் மூத்தவர்களின் நினைவும்தான் ஆதாரம். மூத்தவர்களைக் கூட்டாக உட்கார வைத்துக் கேட்காதீர்கள். ஒருவர் சொல்லத் தொடங்கியதும் மற்றவர்களின் நினைவும் அவர் போக்கிலேயே சென்றுவிடும். தனித்தனியாகக் கேட்டு, ஒத்துப்போகும் பகுதியை உடலாகவும் மாறுபடும் பகுதியை மாற்றுச் செய்தியாகவும் எழுதுங்கள். பழைய பதிவு கண்ணில் பட்டவுடன் ஸ்கிரீன்ஷாட் எடுத்து, தேதியோடு சேமித்துவிட வேண்டும், ஏனெனில் கணக்கை மூடிவிட்டு ஒருவர் போய்விட்டால் அவர் எழுதியதும் அவரோடு போய்விடும். ‘முதன்முதலில் சொன்னவர்’ என்று யாருக்கும் பட்டம் கொடுக்க வேண்டாம். ‘நமக்குக் கிடைத்தவற்றில் மிகப் பழையது இது’ என்று எழுதினால், நாளை இன்னும் பழைய சான்று கிடைக்கும்போது பதிவைத் திருத்துவதும் எளிது, மனக்கசப்பும் இல்லை. சொன்னவரின் பெயரை, அவருடைய சம்மதம் இருந்தால் மட்டுமே சேர்க்க வேண்டும்.

ஒரு பதிவை எழுதிப் பார்ப்போம்

நேசமணியை எடுத்துக்கொள்வோம். பல இடங்களில் காணப்படும் பதிவு இப்படித்தான் இருக்கும்: ‘நேசமணி: ஃப்ரெண்ட்ஸ் படத்தில் வடிவேலு நடித்த பாத்திரம். மிகவும் பிரபலமான மீம்.’ இதில் தவறான செய்தி எதுவும் இல்லை. ஆனால் படித்தவர் கையில் எதுவும் கிடைப்பதும் இல்லை. சுத்தியல் படத்தின் கீழ் நூறு பேர் ஏன் ஒருவருடைய உடல்நலத்தை விசாரிக்கிறார்கள் என்ற கேள்வி அப்படியே நிற்கிறது.

அதே பதிவை இப்படி எழுதலாம்: ‘நேசமணி, சுத்தியல். மூலம்: சித்திக் இயக்கிய ஃப்ரெண்ட்ஸ், 2001. வடிவேலு ஏற்ற பெயின்டிங் கான்ட்ராக்டர் நேசமணியின் தலையில், மாளிகையில் வேலை நடக்கும்போது, மேலிருந்து சுத்தியல் விழுகிறது. திருப்பம்: 2019 மே மாதத்தில், பொறியியல் சார்ந்த ஒரு முகநூல் பக்கம் சுத்தியலின் படத்தைப் போட்டு, உங்கள் நாட்டில் இதற்கு என்ன பெயர் என்று கேட்டது. தமிழர் ஒருவர் இதன் பெயர் சுத்தியல், அடித்தால் டங் டங் என்று சத்தம் வரும் என்று விளக்கிவிட்டு, நேசமணியின் மண்டை இதனால்தான் உடைந்தது என்றும் சேர்த்தார். இன்னொரு தமிழர், அவர் இப்போது நலமா என்று கேட்டார். விவரம் அறியாதவர்கள் உண்மையிலேயே யாருக்கோ விபத்து என்று நினைக்க, நேசமணிக்காகப் பிரார்த்திக்கச் சொல்லும் ஹேஷ்டேக் டிரெண்டாகி, செய்தி நிறுவனங்களும் விளக்கம் எழுதும் நிலை வந்தது. பயன்பாடு: சுத்தியலோ உயரத்திலிருந்து விழும் பொருளோ பேச்சில் வந்தால், மருத்துவமனை வாசலில் நிற்பவரைப்போல் கவலையோடு நேசமணியின் உடல்நிலையை விசாரிக்க வேண்டும். பதில் சொல்பவரும் மருத்துவ அறிக்கை வாசிக்கும் தொனியிலேயே சொல்ல வேண்டும். இது திரைப்படம் என்று வெளிப்படையாகச் சொல்பவர் ஆட்டத்தைக் கலைத்தவர் ஆவார்.’

இந்த இரண்டாவது பதிவில் கடைசி மூன்று வாக்கியங்கள்தான் புதியவருக்கு வாசலைத் திறக்கின்றன. காட்சியில் வடிவேலுவின் முகபாவம் எவ்வளவு சிறப்பு என்று விவரிக்கத் தேவையில்லை. அது படத்தில் கிடைக்கும். 2019இல் மக்கள் சிரித்தது அந்த முகபாவத்துக்காக மட்டும் அல்ல, கற்பனையில் நடந்த விபத்தை இத்தனை பேர் சேர்ந்து முகம் மாறாமல் உண்மைபோல் காத்தார்களே, அந்த ஒற்றுமைக்காக. அதைப் பதிவு பிடித்துக் காட்ட வேண்டும். பயன்பாட்டுப் பகுதியை எழுதி முடித்ததும், அந்தப் படத்தைப் பார்க்காத ஒருவரிடம் கொடுத்து, அவரே ஒரு சந்தர்ப்பத்தில் சொல்லிப் பார்க்கட்டும். சரியான இடத்தில் சொல்லிவிட்டாரானால் பதிவு தேறிவிட்டது.

விளக்கத்தை எங்கே நிறுத்துவது

விளக்கம் ஏறிக்கொண்டே போனால் நகைச்சுவை மூச்சுத் திணறும். டக்ளஸ் ஆடம்ஸ் 1978இல் பிபிசி வானொலிக்கு எழுதிய அறிவியல் நகைச்சுவைத் தொடரில், வாழ்வு, பிரபஞ்சம், அனைத்துக்குமான இறுதி விடையாக 42 என்ற எண் வருகிறது. பிறகு கேள்வியைத் தேடும்போது ‘ஆறையும் ஒன்பதையும் பெருக்கினால் என்ன’ என்பது கிடைக்கிறது. 13ஐ அடியாகக் கொண்ட எண் முறையில் அந்தக் கணக்கு சரியாகவே 42 வரும் என்று ரசிகர்கள் கண்டுபிடித்தார்கள். ஆடம்ஸோ 13 அடிமானத்தில் தான் நகைச்சுவை எழுதுவதில்லை என்று மறுத்துவிட்டார்; சாதாரணமான, சிறிய ஓர் எண் தேவைப்பட்டது, அதைத் தேர்ந்தெடுத்தேன் என்பதே அவர் தந்த விளக்கம். இத்தகைய பதிவில் படைத்தவரின் சொல்லை முதலிலும் ரசிகர்களின் கண்டுபிடிப்பை அடுத்தும், இரண்டும் கலக்காமல் வையுங்கள். கண்டுபிடிப்பை நீக்கிவிட வேண்டாம், ஏனெனில் பெருக்கிப் பார்த்த அந்த ஆர்வமே இப்போது நகைச்சுவையின் ஒரு பகுதியாகிவிட்டது. ஆனால் அதற்குமேல் 42இன் பெருமைகளை அடுக்கும் பதிவை யாரும் முடிவுவரை படிப்பதில்லை.

கதையின் முக்கியத் திருப்பத்தை வெளிப்படுத்தாமல் விளக்க முடியாத நகைச்சுவை என்றால், எந்தப் பகுதிவரை பார்த்தவர்கள் படிக்கலாம் என்று தலைப்பிலேயே எழுதிவிடுங்கள். ‘ஸ்பாய்லர் உண்டு’ என்ற பொதுவான எச்சரிக்கை எதற்கும் உதவாது. மூன்றாம் சீசன் முடித்தவருக்கு அது எதைப் பற்றிய எச்சரிக்கை என்று தெரிய வேண்டும்.

சேர்க்கக் கூடாதவை

இதில் நான் கண்டிப்பானவன். நடிகரின் உடல் அமைப்பையோ நிறத்தையோ மட்டும் நம்பி நிற்கும் கிண்டலுக்குக் குறிப்பேட்டில் இடம் தர வேண்டியதில்லை. அதில் படைப்பு பற்றிய ரசனை ஏதும் இல்லை. வட்டத்துக்குள்ளேயே ஒரு சாதாரண ரசிகர் தெரியாமல் எழுதிய பிழையைப் பிடித்துக்கொண்டு வருடக்கணக்கில் ஓட்டிக்கொண்டிருப்பதும் அவ்வாறே. சம்பந்தப்பட்டவர் தானும் சேர்ந்து சிரித்த காலம் ஒன்று இருந்திருக்கலாம், ஆனால் எழுதி வைத்தபின் அவரை அறியாதவர்களும் அதைப் படிப்பார்கள். புதியவரைச் சோதித்து அவமானப்படுத்துவதற்கென்றே பயன்படும் கேள்வி பதில்களையும் விட்டுவிடுங்கள். குறிப்பேடு யாருக்காக எழுதப்படுகிறதோ அவர்களையே அது விரட்டும். சந்தேகம் வந்தால், கிண்டலுக்கு உள்ளானவர் இந்தப் பக்கத்தைத் திறந்து படிப்பதாக நினைத்துக்கொண்டு ஒருமுறை வாய்விட்டு வாசியுங்கள்.

தேய்ந்துபோனவற்றைக் குறிப்பது

2011இல் வெளியான ‘ஸ்கைரிம்’ விளையாட்டில், தானும் ஒருகாலத்தில் சாகசக்காரனாகத்தான் இருந்தேன், முழங்காலில் அம்பு பட்டதால் நின்றுவிட்டேன் என்ற ஒரே வசனத்தைக் காவலர்கள் திரும்பத் திரும்பச் சொல்வார்கள். விளையாடியவர்களுக்கு அந்த அலுப்பே வேடிக்கையாக இருந்தது. பிறகு எல்லா வாக்கியத்தின் இறுதியிலும் முழங்காலையும் அம்பையும் ஒட்டத் தொடங்கினார்கள், விளையாடாதவர்களும் சொன்னார்கள், கடைசியில் அதைச் சொல்வதே ரசனைக் குறைவு என்ற நிலை வந்தது. இப்படிப்பட்டதைப் பழகி வந்து ஆர்வத்தோடு சொல்லும் புதியவருக்கு மௌனம்தான் பதிலாகக் கிடைக்கும். அந்தச் சங்கடத்தைத் தவிர்க்க ஒவ்வொரு பதிவிலும் நிலை என்று ஒரு வரி வைத்து, புழக்கத்தில் உள்ளது, அரிதாக வருவது, ஓய்வு பெற்றது என்பவற்றில் ஒன்றை எழுதுங்கள். ஓய்வு பெற்றதற்கு அலுப்புதான் காரணமா, நடிகரின் மறைவு போன்ற வேறு காரணமா என்பதையும் குறியுங்கள், ஏனெனில் முதல் வகை சில ஆண்டுகள் கழித்துத் திரும்பி வரக்கூடும், இரண்டாவதைப் பற்றி வட்டத்தினரைக் கேட்காமல் முடிவு செய்யக் கூடாது.

குறிப்பேட்டை ஒருவரே பராமரித்தால் அது அவருடைய காலத்திலேயே உறைந்துவிடும். வெவ்வேறு ஆண்டுகளில் வட்டத்துக்குள் வந்த இரண்டு மூன்று பேரிடம் திருத்தும் உரிமையைக் கொடுத்து, புதிய சீசனோ புதிய பாகமோ வெளியாகும்போதெல்லாம் நிலை வரிகளை மட்டுமாவது ஒருமுறை பார்த்துத் திருத்தச் சொல்லுங்கள். பழைய நகைச்சுவைகளில் எவை புதிய காட்சிகளோடு மறுபடி எழுந்து வருகின்றன என்பது அப்போதுதான் தெரியவரும்.